மின் சிகரெட்டும் நம் பிள்ளைகளும்

(சங்க ஆண்டு விழாவின் பெற்றோர் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)

 

நாடகமும் இன்னிசையும் காத்திருக்கும் இவ்வேளையில், கஷாயம் போன்றதொரு விஷயத்தைப் பேச எம்மை நிறுத்தியிருக்கிறார்கள். அரைமணிக்கு மேல் பேசுவதில்லை என்று செயலாளருக்கு வாக்களித்த பின்னரே மேடையேறினோம். பொருள் யாதெனில், மின் சிகரெட். நம் பிள்ளைகள் இதனை 'வேப்' என்கிறார்கள். நம் குடியிருப்பில் ஒரு பாட்டியார், பேரன் தொலைபேசியில் நண்பனிடம் 'வேப், வேப்' என்று பேசக் கேட்டு, டில்லியில் வளர்ந்த பிள்ளைக்கும் வேப்பிலையின் அருமை தெரிந்திருக்கிறதே என்று மகிழ்ந்து போனாராம். சிரிக்கிறீர்கள். ஆனால், இப்பொருளைப் பற்றி அப்பாட்டியாரைக் காட்டிலும் நம்மில் பலர் மிகுதியாக அறிந்தவர் அல்லர்.

முதலில் அதன் அமைப்பைக் கூறிவிடுவோம். ஒரு சிறு மின்கலம். அதனால் சூடேறும் ஒரு கம்பிச் சுருள். அச்சுருளை நனைத்துக் கிடக்கும் ஒரு திரவம். இவ்வளவே. வாயில் வைத்து இழுத்தால் சுருள் சூடேறித் திரவம் ஆவியாகிறது. புகையிலை எரிவதில்லை, சாம்பல் இல்லை, துர்நாற்றமும் இல்லை. திரவத்தில் இருப்பவை புரொபிலீன் கிளைக்கால், கிளிசரின், மணமூட்டிகள். இவற்றோடு பெரும்பாலும் நிகோடின். வெளிவருவது பார்வைக்கு நீராவி போலிருப்பினும் நீராவியன்று. இப்பொருள்களின் நுண்துளித் திரள்.

இக்கருவி நம் கண்ணுக்குப் புலப்படாமைக்கு அதன் வடிவமே காரணம். எழுதுகோல் போன்றும், கணிப்பொறியில் செருகும் பென் டிரைவ் போன்றும், பள்ளிப் பிள்ளைகள் வரி தீட்டும் வண்ணப் பேனா போன்றும் செய்திருக்கிறார்கள். ஒரு வீட்டில், பத்தாம் வகுப்புப் படிக்கும் மகனின் ஜியாமெட்ரி பெட்டியில் இதனைக் கண்ட தாயார், கணவரின் அலுவலகச் சாமான் என்று எண்ணிப் பீரோவில் பத்திரமாக வைத்துப் பூட்டியிருக்கிறார். உண்மை வெளிப்பட்ட இரவு அடியும் அழுகையுமாகக் கழிந்தது. ஒரு வாரத்திற்குள் பையன் தமிழ்நாடு எக்ஸ்பிரஸில் ஏற்றப்பட்டு ஊருக்கு அனுப்பப்பட்டான். பள்ளியாண்டின் நடுப்பகுதி அது. அக்கம்பக்கத்தாரிடம் 'தாத்தாவுக்கு உடம்பு சரியில்லை' என்றும், தாத்தாவிடம் 'இங்கே காற்று சரியில்லை' என்றும் கூறினார்கள். அக்குடும்பம் எது என்று ஆராய வேண்டா; எந்தத் தமிழ்க் குடும்பமாகவும் இருக்கக்கூடும். ஊர் விட்டு ஊர் வந்து வாழும் நமக்கு, நாலு பேர் என்ன சொல்வார்களோ என்னும் அச்சம் சொந்த ஊரில் இருப்போரைவிட அதிகம். அந்த அச்சம் இப்பையனுக்கு ஓர் ஆண்டுப் படிப்பைக் கொள்ளை கொடுத்தது. பழக்கமோ அவனுடனேயே இரயிலேறிப் போயிற்று.

இக்கருவியின் வரலாறு சுவையானது. 1963இலேயே அமெரிக்காவின் பென்சில்வேனியாவைச் சேர்ந்த ஹெர்பர்ட் கில்பர்ட் என்பார் புகையில்லாச் சிகரெட்டுக்குக் காப்புரிமை கோரினார். 1965இல் அது கிடைத்தது. கேட்பாரின்றிப் போயிற்று. இன்று நாம் காணும் வடிவத்துக்கு வழி வகுத்தவர் சீனத்தைச் சேர்ந்த ஹோன் லிக் என்னும் மருந்தியலார். அவரே பெரும் புகைப்பிடிப்பாளர். தந்தையாரை நுரையீரற் புற்றுநோய்க்கு இழந்தவர். சிகரெட்டை விட இயலாதவர்க்கு ஒரு மாற்றாகவே 2003இல் இதனை உருவாக்கினார். ஆக, பிறந்தபோது இதன் நோக்கம் கெட்டதன்று. இதை மறைத்துவிட்டுப் பேசினால் நம் பிள்ளைகள் நம்மை நம்பமாட்டார்கள். ஏனெனில், அவர்கள் இதையெல்லாம் கைப்பேசியில் படித்தறிந்தவர்கள்.

நிகோடினைப் பற்றிச் சற்று விரிவாகவே கூற வேண்டும். அது நமக்குப் புதியதன்று. நம் பாட்டனார் மூக்கில் ஏற்றிய பட்டணம் பொடியிலும், பாட்டியார் வெற்றிலையோடு அடக்கிய புகையிலையிலும், எதிர்வீட்டுக்காரர் இழுக்கும் பீடியிலும் இருப்பது அதுவே. இழுத்த சில வினாடிகளில் மூளையை எட்டி, ஒரு கண இன்பத்தை அளித்து, அது தணிந்ததும் மீண்டும் வேண்டுமென்று நச்சரிக்கும். மனித மூளையின் வளர்ச்சி ஏறத்தாழ 25 வயது வரை தொடர்கிறது. ஆகையால், முதிர்ந்தவரைவிட இளையவரையே நிகோடின் விரைவாகப் பற்றுகிறது. கவனத்தையும் மனநிலையையும் ஆளும் பகுதிகளில் தடம் பதிக்கிறது. இதயத் துடிப்பும் இரத்த அழுத்தமும் ஏறுவது உடனடி விளைவு.

பழைய சிகரெட்டுக்கு ஒரு காவல் இருந்தது. முதல் இழுப்பிலேயே தொண்டை எரியும், இருமல் வரும், பல பிள்ளைகள் அத்தோடு விட்டுவிடுவர். புதிய கருவி அக்காவலைத் தகர்த்துவிட்டது. நிகோடினோடு பென்சாயிக் அமிலத்தைச் சேர்த்து உப்பாக்கினால் தொண்டை எரிவதில்லை. அதன்மேல் மாம்பழம், புதினா, தர்ப்பூசணி என்று மணத்தையும் ஊட்டினால் மிட்டாய்க்கும் அதற்கும் என்ன வேற்றுமை? 2015இல் அமெரிக்கச் சந்தைக்கு வந்த ஜூல் என்னும் கருவி இம்முறையைக் கையாண்டது. அதன் ஒரு சிமிழில் இருந்த நிகோடின் ஏறக்குறைய ஒரு பெட்டிச் சிகரெட்டுக்கு ஈடு. 2019இல் அந்நாட்டு உயர்நிலைப் பள்ளி மாணவரில் 100க்கு 27 பேருக்கு மேல் மின் சிகரெட் இழுத்து வந்தனர் என்று அரசினர் கணக்கெடுப்பு கூறிற்று. மார்ல்பரோ சிகரெட் விற்கும் ஆல்ட்ரியா நிறுவனம் 2018 டிசம்பரில் 1,280 கோடி டாலர் கொடுத்து ஜூலில் 35 விழுக்காடு பங்கு வாங்கியது. சிகரெட்டுக்குப் பகை என்று கூறிக்கொண்டு வந்ததைச் சிகரெட்டுக்காரரே வாங்கிப் போட்டதில் உள்ள பொருளை நாம் விளக்க வேண்டுவதில்லை. பின்னர் வழக்குகளும் தடைகளும் பெருகின. 2023இல் ஆல்ட்ரியா அப்பங்கைக் கைவிட்டபோது பழைய மதிப்பில் மிகச் சிறு பகுதியே எஞ்சியிருந்தது. 2024இல் அமெரிக்காவின் நடுநிலை, உயர்நிலை மாணவரைச் சேர்த்து எடுத்த கணக்கில் விகிதம் 5.9 ஆகக் குறைந்திருந்தது. இருவேறு கணக்குகளாதலின் நேராக ஒப்பிடுதல் பொருந்தாது. ஆயினும் அலை தணிந்தது மெய். அயர்ந்து கைகட்டி நிற்க வேண்டிய தீமை இஃதன்று என்பதற்காகவே இதனைக் கூறினோம்.

உடலுக்கு விளையும் கேடு பற்றி வாட்ஸ்அப்பில் வருவனவற்றையெல்லாம் நம்ப வேண்டா. 2019இல் அமெரிக்காவில் இளைஞர் பலர் மூச்சுத் திணறி மருத்துவமனை சேர்ந்ததும், 2020 பிப்ரவரி வரை 2,807 பேர் இவ்வாறு பாதிக்கப்பட்டு 68 பேர் மாண்டதும் உண்மை. ஆனால், அவற்றுள் பெரும்பாலானவற்றுக்குக் காரணம் கஞ்சாச் சத்துக் கலந்த கள்ளத் திரவங்களில் சேர்த்த வைட்டமின் ஈ அசிடேட் என்னும் பொருளே என்று தெரியவந்தது. இதைச் சொல்லாமல் '68 பேர் செத்தார்கள்' என்று மட்டும் மிரட்டினால், பிள்ளை மறுபாதியைப் படித்துவிட்டு வந்து நம்மையே மடக்குவான். சொல்லத் தகுந்த மெய்யே போதிய அளவு இருக்கிறது. சூடேறிய சுருளிலிருந்து நிக்கல், குரோமியம், ஈயம் முதலிய உலோகத் துகள்கள் ஆவியில் கலப்பதைக் கண்டிருக்கிறார்கள். ஃபார்மால்டிஹைடு உண்டாவதும் உண்டு. தின்பதற்குத் தீங்கற்ற மணமூட்டி, நுரையீரலுக்கும் தீங்கற்றது என்று கொள்வதற்கில்லை. தாரும் கார்பன் மோனாக்சைடும் இல்லாமையால் சிகரெட்டைவிடக் கேடு குறைவு என்பது சரியே. ஆயினும், சிகரெட்டைத் தொட்டறியாத 15 வயதுப் பிள்ளைக்கு அந்த ஒப்பீடு எதற்கு? அவன் விட்டுவிடுவதற்கு அங்கே சிகரெட் ஏதுமில்லையே. இன்னொன்று: அத்திரவம் வாய்வழி சென்றால் சிறு குழந்தைகளுக்கு நஞ்சு. வீட்டில் கைக்குழந்தை உள்ளோர் இதனை நினைவிற் கொள்வீராக.

இனிச் சட்டம். கர்நாடகம் 2016இலும், தமிழ்நாடு 2018இலும் தடை செய்தன. 2019 மே மாதம் இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் முழுத் தடையைப் பரிந்துரைத்தது. அவ்வாண்டு செப்டம்பர் 18ஆம் நாள் மத்திய சர்க்கார் அவசரச் சட்டம் பிறப்பித்தது. டிசம்பரில் அது பார்லிமெண்டின் சட்டமாயிற்று. செய்தல், இறக்குமதி, ஏற்றுமதி, கொண்டு செல்லுதல், விற்றல், விளம்பரம் யாவும் குற்றம். முதன்முறைக்கு ஓராண்டு வரை சிறை, அல்லது 1 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மறுமுறைக்கு 3 ஆண்டு வரை சிறையும் 5 லட்சம் வரை அபராதமும். சரக்கைச் சேமித்து வைத்தால் 6 மாதம் வரை சிறையோ, 50,000 ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ. துபாயிலிருந்தும் லண்டனிலிருந்தும் விடுமுறைக்கு வரும் உறவினர் 'பையனுக்கு ஒரு புதுமை' என்று பெட்டியில் வைத்துக் கொணர்வதும் இத்தடையை மீறுவதேயாகும்.

தடையிருந்தும் பொருள் கிடைக்கிறது. 2022 செப்டம்பரில் குஜராத்தின் முந்த்ரா துறைமுகத்தில் ஒரே சரக்கில் சுமார் 2 லட்சம் பிடிபட்டன. இவை பெரும்பாலும் சீனத்தின் ஷென்ஜென் நகரிலிருந்து புறப்படுகின்றன. அந்தச் சீனமோ 2022 அக்டோபர் முதல் தன் நாட்டுக்குள் பழமணம் ஊட்டியவற்றை விற்கலாகாது என்று தடுத்துக்கொண்டது. வெளிநாட்டுக்கு அனுப்புவதைத் தடுக்கவில்லை! தன் வீட்டு வாசலைப் பெருக்கி அடுத்த வீட்டு வாசலில் குப்பை கொட்டுவார் நம் தெருவில் மட்டுந்தானா இருக்கிறார்கள்?

'மூலைக்கு மூலை சிகரெட்டும் பீடியும் குட்காவும் விற்க, அவற்றைவிடக் கேடு குறைந்ததை மட்டும் தடுத்தது என்ன நீதி?' என்று சில இளைஞர் எம்மிடம் வினவினார்கள். வினா வலிமையுள்ளது. 2016–17 கணக்கெடுப்பின்படி இந்நாட்டில் 26.7 கோடிப் பேர் ஏதேனும் ஒரு வடிவில் புகையிலை கொள்வோர். அவர்களை மீட்க வழி காணாது புதியதை மட்டும் அடைத்தது பாதி வேலையே. இங்கிலாந்து வேறு வழி சென்றது: புகைப்போர் சிகரெட்டை விட இதனைக் கருவியாகக் கொள்ளலாம் என்று மருத்துவத் துறையே ஆதரித்தது. நிகோடின் பசை, ஒட்டு முதலியன கொண்டு முயல்வோரில் 100க்கு 6 பேர் விட்டால், மின் சிகரெட்டால் 8 பேரோ சற்றுக் கூடவோ விடுகிறார்கள் என்று பல ஆய்வுகளைத் திரட்டிப் பார்த்தவர்கள் கூறுகிறார்கள். அந்நாடும் பிள்ளைகள் கையில் இது பெருகக் கண்டு, ஒரு முறை இழுத்து எறியும் வகையை 2025 ஜூன் 1 முதல் தடுத்துவிட்டது. ஆஸ்திரேலியா 2024 ஜூலை முதல் மருந்துக்கடையில் மட்டும் விற்கச் செய்தது. நம் நாட்டின் பரப்பையும், பான் கடைகளின் பெருக்கத்தையும், 18 வயது நிரம்பாதோர்க்கு விற்கலாகாது என்னும் விதி சிகரெட் விஷயத்தில் பட்ட பாட்டையும் எண்ணுங்கால், முழுத் தடையே நமக்குப் பொருந்தும் என்பது எம் அபிப்பிராயம். மாறான கருத்துடையார் இச்சபையில் உண்டென்பதும் அறிவோம்.

சட்டத்தின் தண்டனைகள் விற்போரையும் கடத்துவோரையும் சேமிப்போரையும் நோக்கி எழுதப்பட்டவை. இழுக்கும் பிள்ளைக்கெனத் தனித் தண்டனை எதையும் அது வகுக்கவில்லை. சர்க்காரே வகுக்காத தண்டனையை நாம் வீட்டில் வகுக்கிறோம். ஊருக்கு அனுப்புதல் அவற்றுள் ஒன்று. கருவி அகப்பட்ட அன்றைக்கே விசாரணை வைக்க வேண்டா. மறுநாள், தந்தையும் மகனும் தனித்திருக்கும்போது, மூன்றே வினாக்கள் போதும்: எத்தனை நாளாக? நாளொன்றுக்கு எவ்வளவு? இழுக்காதபோது என்ன நேர்கிறது? மூன்றாவது வினாவுக்கு எரிச்சல், தூக்கமின்மை, தலைவலி என்று விடை வருமாயின் பற்று ஏற்பட்டுவிட்டது என்று பொருள். அப்போது வேண்டியது மருத்துவர்; பிரம்பன்று. பெண்பிள்ளைகள் வீட்டிலும் இவ்வினாக்கள் எழலாம். நம் வீட்டில் அப்படி இராது என்று தலையசைக்கும் தாய்மார்களை இங்கிருந்தே காண்கிறோம்.

புகைக்கும் தந்தையர்க்கு ஒரு சொல். மாடியில் நின்று புகைத்துவிட்டுக் கீழே வந்து மகனுக்கு உபதேசம் செய்வது எடுபடாது. 'நானும் விட முயல்கிறேன், நீயும் முயல்' என்றால் எடுபடும். நிகோடின் பசை மருந்துக்கடையில் கிடைக்கிறது. மருத்துவரைக் கேட்டு வாங்குங்கள். புகையிலையை விட விரும்புவோர்க்கெனச் சர்க்கார் நடத்தும் கட்டணமில்லாத் தொலைபேசி எண் 1800-11-2356. இந்தியும் ஆங்கிலமும் வராத பெரியவர்களுக்காக நம் இளைஞர்கள் அழைத்துப் பேசிக் கொடுக்கலாம்; அவர்களும் அப்போது நாலு விஷயம் கேட்டுக்கொள்வார்கள்.

வீட்டில் கருவி அகப்பட்டால் அடுப்பிலோ குப்பையிலோ போடாதீர்கள். உள்ளிருக்கும் லித்தியம் மின்கலம் சூடுபட்டால் வெடிக்கும். பழைய மின்னணுச் சாமான் வாங்கும் இடத்தில் சேர்ப்பதே தக்கது.

செயலாளர் கைக்கடிகாரத்தைக் காட்டுகிறார். வினா கேட்க விரும்புவோர் கேட்கலாம். சபையில் கேட்கக் கூசுவோர் சிற்றுண்டி வேளையில் தனியே வந்து கேட்டாலும் மகிழ்வோம்.