பனி இல்ல, பஞ்சு

இன்னைக்கு 'நார்த் அண்ட் சவுத்'. மான்செஸ்டரில் வாழ்ந்த எலிசபெத் காஸ்கெல் 1854-ல் பத்திரிகைத் தொடராக எழுத ஆரம்பித்த நாவல். பிபிசி 2004-ல் நாலு எபிசோடா எடுத்தாங்க.

நிறைய பேருக்கு இது மார்கரெட், தார்ன்டன் காதல் கதை. நானும் அதுக்காகத்தான் உட்கார்ந்தேன். முதல் எபிசோடுல மார்கரெட் மில் கதவைத் திறக்கிறாள். உள்ளே பனி பெய்யற மாதிரி வெள்ளையா ஏதோ மிதக்குது. "அடடா, என்ன அழகு!"ன்னு வாய்விட்டே சொன்னேன்.

அது பஞ்சுத் தூசி. பெஸ்ஸிங்கிற சின்னப் பொண்ணோட நுரையீரலைக் கெடுத்து, கடைசியில அவளைக் கொல்றதும் அதுதான்.

நாவலை அப்புறம்தான் படிச்சேன். தூசியை வெளியேற்ற ஒரு சக்கரம் இருக்கு. செலவு அதிகம், லாபம் இல்லைன்னு பல முதலாளிங்க அதை வைக்கலன்னு பெஸ்ஸியே சொல்றா. சக்கரம் வேண்டாம்னு சொன்ன தொழிலாளிங்களும் உண்டாம். தூசியை விழுங்கிப் பழகின வயிறு, அது இல்லாம பசிக்குதாம். அதனால கூலியைக் கூட்டித் தரணுமாம்.

அதைப் படிச்சிட்டு அந்தக் காட்சியைத் திரும்பப் போட்டுப் பார்த்தேன். இந்தத் தடவை வாயே திறக்கல. நீங்களும் ஒரு தடவை பாருங்க. அடுத்த வாரம் பேசலாம்.