மூன்றடிச் சதுரத்துக்குள் அடங்காத குரல்

ஜப்பானிய ஜாஸ் பாடகி கசாகி ஷிசுகோவின் இசைத்தட்டை முதலில் கேட்டபோது, 'என்ன இந்தம்மா இப்படிக் கத்துது'ன்னுதான் நினைச்சேன். பிறகுதான் உறைத்தது. எது பாட்டு, எது கத்தல் என்று என் காதுக்குச் சொல்லிக்கொடுத்தது யார்?

1914இல் பிறந்த கசாகி, ஒசாகாவில் வளர்ப்புப் பெற்றோரிடம் வளர்ந்தவர். புகழ்பெற்ற தகராசுகா பெண்கள் குழு அவரைச் சேர்த்துக்கொள்ளவில்லை. 1927இல் ஷோச்சிக்கு குழுவில் நுழைந்தார். 1938இல் டோக்கியோ போனார். அங்கே இசையமைப்பாளர் ஹத்தோரி ரியோஇச்சி, மெருகேற்றிய குரல் வேண்டாம், உன் இயல்பான குரலிலேயே பாடு என்றார். 1939இல் வந்த ஒரு பாட்டில் வார்த்தையே இல்லாத வெறும் ஓசைகளை வைத்து ட்ரம்பெட்டோடு மல்லுக்கு நிற்கிறார். பாடும்போது கையும் காலும் சும்மா இருக்காது.

அதிகாரத்துக்கு அதுதான் பிடிக்கல. மேடையில் மூன்றடிச் சதுரத்தை விட்டு நகரக்கூடாது, ஒட்டு இமையை எடு என்றது போலீஸ். போர் முற்றியதும் ஜாஸே எதிரி நாட்டு இசையாகித் தடைபட்டது. பாட்டை மட்டும் தடுத்தால் போதாது, பாடுற பொம்பளையோட உடம்பையும் கட்டிப்போடணும் என்பது அவர்கள் கணக்கு.

1947இல் காதலர் இறந்தார். சில நாளில் மகள் பிறந்தாள். மணமாகாத தாய். 1948 ஜனவரியில் 'டோக்கியோ பூகி வூகி' வெளிவந்தது. குண்டுவீச்சில் எரிந்த நகரம் எழுந்து ஆடியது. யுராகுச்சோ தெருவில் உடலை விற்றுப் பிழைத்த பெண்கள் அவரைத் தங்கள் பாடகியாகக் கொண்டாடினார்கள். ஊர் ஒதுக்கிய அவர்களோடு இவர் நட்பாக இருந்தார்.

1950இல் வந்த 'கடைத்தெரு பூகி', ஒசாகா பேச்சுமொழியில் மீன், காய்கறி வாங்குகிற பாட்டு. அதிலேயே காது கேளாதவரை இழிக்கும் சொல்லும் இருந்தது. பின்னாளில் மறுபதிப்புகளில் வெட்டினார்கள். மக்கள் குரல்னு கொண்டாடுற நாம இதையும் சேர்த்தே பேசணும்.

1956 வாக்கில், முன்போல ஆட முடியலன்னு பாடுவதையே நிறுத்திட்டார். நடிகையானபோது, புதுமுகத்துக்கான சம்பளம் போதும் என்று தானே கேட்டார். 1985இல் இறந்தார். நின்ற இடத்தில் நின்று பழைய பாட்டையே பாடிச் சம்பாதித்திருக்கலாம். ஆனால் அவருக்குக் குரல் வேறு, உடம்பு வேறு இல்லை.

தோழர்களே, ஒரு குரலைக் கேட்டதும் 'கத்துது'ன்னு தோணினா, அந்தச் சதுரத்தை நம்ம காதுக்குள்ள போட்டது யாருன்னு கேளுங்க.