நவம்பர் 9: ஒரு தேதி, நாலு கதை

நாள்காட்டியில, எஃப்.எம்.ல, வாட்ஸ்அப் ஃபார்வர்டுல 'வரலாற்றில் இன்று'ன்னு ஒண்ணு வரும், கவனிச்சிருப்பீங்க. ஒரு ராஜா பிறந்தார், எங்கேயோ கப்பல் மூழ்கியது, ஒரு விஞ்ஞானி இறந்தார். ஒண்ணுக்கொண்ணு சம்பந்தமே இருக்காது. மொத்த வரலாற்றையும் 365 நாளுக்குள்ள அடைச்சா எந்தத் தேதியிலயும் நாலு விஷயம் விழத்தான் செய்யும். அதனால அந்தப் பகுதி மேல எனக்குப் பெரிய மரியாதை கிடையாது.

ஒரு தேதி மட்டும் விதிவிலக்கு. ஜெர்மனியோட நவம்பர் 9. அங்கே இதை 'விதியின் நாள்'னே சொல்றாங்க. 1918, 1923, 1938, 1989. எனக்கு என்னமோ விதின்னு சொல்றது கொஞ்சம் சோம்பேறித்தனமான பதில்னு தோணுது. ஏன்னு சொல்றேன்.

1918-ல இருந்து ஆரம்பிப்போம். முதல் உலகப் போர்ல ஜெர்மனி தோத்துக்கிட்டு இருக்கு. மாலுமிகள் கலகம், தொழிலாளர் வேலைநிறுத்தம், பெர்லின் தெருவெல்லாம் கூட்டம். சக்ரவர்த்தி இரண்டாம் வில்ஹெல்ம் பெல்ஜியத்துல ராணுவத் தலைமையகத்துல இருக்கார். அவர் சம்மதம் வர்றதுக்கு முன்னாடியே, 'சக்ரவர்த்தி பதவி விலகிட்டார்'னு அவரோட பிரதமர் அறிவிச்சுட்டார்! மத்தியானம் சோஷியல் டெமாக்ரடிக் கட்சித் தலைவர் ஷைடமன் நாடாளுமன்றத்துல சாப்பிட்டுக்கிட்டு இருக்கார். இடதுசாரித் தலைவர் லீப்க்னெஷ்ட் தனியா ஒரு குடியரசை அறிவிக்கப் போறார்னு சேதி வருது. எழுந்துபோய் ஜன்னல்ல நின்னு இவரே குடியரசை அறிவிச்சுட்டார். 'உனக்கு யார் இந்த அதிகாரம் கொடுத்தது?'ங்கிற ரீதியில அவரோட சொந்தக் கட்சித் தலைவர் ஏபெர்ட்டே கோபப்பட்டார். ரெண்டு மணி நேரம் கழிச்சு லீப்க்னெஷ்ட் அரண்மனையில இருந்து இன்னொரு குடியரசை அறிவிச்சார். ஒரே நாள்ல ரெண்டு குடியரசு.

ரெண்டு நாள்ல போர்நிறுத்தம். உடனே ஒரு பொய் பரவ ஆரம்பிச்சுது. ராணுவம் தோக்கலை, உள்நாட்டு அரசியல்வாதிகளும் யூதர்களும் முதுகுல குத்திட்டாங்கன்னு. குடியரசை உருவாக்கினவங்களுக்கு வலதுசாரிகள் வச்ச பேர் 'நவம்பர் குற்றவாளிகள்'. மாசத்தோட பேரே வசவுச் சொல் ஆயிடுச்சு.

அந்தப் பொய்யை ரொம்ப உரக்கப் பேசினவர் ஹிட்லர். 1923 நவம்பர் 8 ராத்திரி மியூனிக்ல ஒரு பெரிய பீர் கூடத்துல நடந்த கூட்டத்துக்குள்ள புகுந்து, துப்பாக்கியால கூரையைப் பார்த்துச் சுட்டு, 'புரட்சி'ன்னு அறிவிச்சார். மறுநாள் 9-ம் தேதி சுமார் 2,000 பேரோட ஊர்வலம். போலீஸ் சுட்டதுல அவர் பக்கம் 16 பேர், போலீஸ்ல 4 பேர் செத்தாங்க. கலகம் படுதோல்வி. அஞ்சு வருஷத் தண்டனை கிடைச்சும் ஒரு வருஷத்துக்குள்ள வெளியே வந்துட்டார்.

இங்கேதான் கதை திரும்புது. 1933-ல ஆட்சிக்கு வந்ததும் அந்தத் தோல்வி நாளையே திருவிழா ஆக்கினார். செத்தவங்க 'தியாகிகள்'. வருஷா வருஷம் 8-ம் தேதி அதே பீர் கூடத்துல பேச்சு, 9-ம் தேதி ஊர்வலம். கட்சியோட பழைய ஆட்கள் எல்லாரும் அந்த ரெண்டு நாளும் மியூனிக்ல ஆஜர்.

இப்போ 1938. யூதக் குடும்பங்கள் ஆயிரக்கணக்குல போலந்து எல்லைக்கு விரட்டப்படுது. அதுல ஒரு குடும்பத்தோட 17 வயசுப் பையன், ஹெர்ஷெல் கிரின்ஸ்பான், பாரிஸ்ல இருக்கான். நவம்பர் 7-ல அங்கே ஜெர்மன் தூதரக அதிகாரி ஒருத்தரைச் சுடுறான். அவர் செத்தது 9-ம் தேதி. அந்த நேரம் நாஜித் தலைவர்கள் மொத்தப் பேரும் ஒரே விருந்துல உட்கார்ந்திருக்காங்க. கோயபல்ஸ் எழுந்து பேசுறார். அவங்க அவங்க ஊருக்குப் போன் போகுது. விடியறதுக்குள்ள நாடு முழுக்க யூத ஆலயங்கள் எரியுது, ஏழாயிரத்துக்கும் மேல கடைகள் சூறை. சுமார் 30,000 யூத ஆண்கள் வதைமுகாமுக்கு. அதுக்கப்புறம் யூதர்கள் மேலயே 100 கோடி மார்க் அபராதம். இதுக்கு 'கிறிஸ்டல் இரவு'ன்னு பளபளப்பா ஒரு பேர் இருக்கு. ஜெர்மானியர்கள் நிறைய பேர் இப்போ அந்தப் பேரைத் தவிர்க்கிறாங்க. சரிதான்.

ஆக 1918 இல்லாம 1923 இல்லை. 1923-க்கு விழா எடுக்கலைன்னா 1938-ல அந்த ராத்திரி அத்தனை பேரும் ஒரே இடத்துல இருந்திருக்க மாட்டாங்க. ஒரு தேதி அடுத்ததை இழுத்துட்டு வந்திருக்கு.

ஒரு கிளைக்கதை. இந்த வருடாந்திர விழாவை வச்சே ஒருத்தர் கணக்குப் போட்டார். கேயோர்க் எல்சர், ஒரு தச்சர். ஹிட்லர் 8-ம் தேதி ராத்திரி எங்கே நிப்பார்ங்கிறதுல சந்தேகமே இல்லையே. 1939-ல முப்பதுக்கும் மேற்பட்ட ராத்திரிகள் அந்தக் கூடத்துல ஒளிஞ்சிருந்து, மேடைக்குப் பின்னால இருந்த தூணைக் குடைஞ்சு வெடிகுண்டு வச்சார். 9:20-க்கு வெடிச்சுது. ஹிட்லர் அன்னிக்குச் சீக்கிரம் பேச்சை முடிச்சுட்டு 13 நிமிஷம் முன்னாடி கிளம்பிட்டார். 8 பேர் செத்தாங்க. எல்சரை 1945 ஏப்ரல்ல, போர் முடிய ஒரு மாசம் இருக்கிறப்போ, டாஹாவ் முகாம்ல கொன்னுட்டாங்க. இந்தப் 13 நிமிஷத்தை நான் அடிக்கடி நினைச்சுப் பார்ப்பேன்.

கடைசியா 1989. இது மட்டும் அந்தச் சங்கிலியில சேராது, சுத்தமான சொதப்பல். கிழக்கு ஜெர்மனி மக்கள் வெளிநாடு போக விண்ணப்பிக்கலாம்னு புது விதி. மறுநாள் முதல் அமல். அதை நிருபர்களுக்கு வாசிச்ச ஷபோவ்ஸ்கி முடிவெடுத்த பேச்சுல இல்லை. 'எப்போதிலிருந்து?'ன்னு ஒரு கேள்வி. காகிதத்தைப் புரட்டிப் பார்த்துட்டு, 'உடனடியா'ன்னுட்டார். டிவியில கேட்ட மக்கள் சுவரை நோக்கிக் கிளம்பிட்டாங்க. போர்ன்ஹோல்மர் தெருச் சோதனைச் சாவடி அதிகாரி ஹரால்ட் யேகர் மேலிடத்துக்குப் போன் மேல போன் போட்டும் தெளிவான உத்தரவு இல்லை. ராத்திரி 11:30 வாக்குல அவரே கதவைத் திறக்கச் சொல்லிட்டார். 28 வருஷமா நின்ன சுவர்!

அப்போ ஜெர்மனியோட தேசிய நாள் நவம்பர் 9 தானே? இல்லை, அக்டோபர் 3. 1990-ல ரெண்டு ஜெர்மனியும் சட்டப்படி இணைஞ்ச நாள். சுவர் விழுந்த நாளைத்தான் எல்லாருக்கும் ஞாபகம், ஆனா ஆலயங்கள் எரிஞ்ச தேதியில பட்டாசு வெடிக்க முடியாதுன்னு நிறைய பேர் சொன்னாங்க.

அதனால நவம்பர் 9-ல விடுமுறை கிடையாது. ஜெர்மன் ஊர்களோட நடைபாதையில கையகலத்துக்குப் பித்தளைக் கற்கள் பதிச்சிருக்கும். ஒவ்வொண்ணுலயும் அந்த வீட்டுல வாழ்ந்து, நாஜிகளால துரத்தப்பட்ட, கொல்லப்பட்ட ஒருத்தரோட பேர், பிறந்த வருஷம். அன்னிக்குச் சாயங்காலம் அக்கம்பக்கத்து ஆட்கள் துணியோட வந்து, முட்டி போட்டு அதைத் துடைச்சுப் பளபளப்பாக்கி, பக்கத்துல ஒரு மெழுகுவர்த்தி வச்சுட்டுப் போவாங்க.