விருந்து மேசையில் விரிசல்

'ஹவுஸ் ஆஃப் த டிராகன்' என்றாலே பலரும் டிராகன்களைத்தான் பேசுகிறார்கள். எச்பிஓ 2022-ல் தொடங்கிய இந்தத் தொடரில் அவற்றுக்குப் பஞ்சமில்லை. ஆனால் எனக்கென்னவோ, நாலு சுவருக்குள் நடக்கும் காட்சிகளில்தான் இதன் உயிர் இருப்பதாகப் படுகிறது.

ராஜா விசேரிஸின் மனைவி பிரசவத்தில் இறக்கிறாள். பிறந்த ஆண் குழந்தையும் தங்கவில்லை. தம்பி டேமன் மேல் நம்பிக்கையற்ற ராஜா, மகள் ரெய்னிராவை வாரிசாக அறிவித்துப் பிரபுக்களிடம் சத்தியம் வாங்குகிறார். அதோடு நின்றாரா? மகளின் உயிர்த்தோழி அலிசென்டையே மணந்துகொள்கிறார். தோழி சித்தியாகிறாள். இளைய தாரத்துக்கு ஆண்பிள்ளை பிறக்கிறது. அப்புறம் கேட்க வேண்டுமா?

இது ஜார்ஜ் ஆர். ஆர். மார்ட்டின் 2018-ல் வெளியிட்ட 'ஃபயர் அண்ட் பிளட்' நூலின் கதை. இங்கிலாந்தில் நிஜமாகவே இப்படி நடந்திருக்கிறது. அரசர் முதலாம் ஹென்றியின் மகன் 1120-ல் கப்பல் மூழ்கி இறந்தான். மகள் மட்டில்டாவை ஏற்போம் என்று பிரபுக்கள் சத்தியம் செய்தார்கள். 1135-ல் ஹென்றி கண்ணை மூடியதும், சத்தியம் செய்தவர்களில் ஒருவரான சகோதரி மகன் ஸ்டீபனே முடிசூட்டிக்கொண்டார்.

நாலு சுவருக்குள் என்றேனே, அதற்கு முதல் சீசனின் எட்டாவது எபிசோடைப் பாருங்கள். இயக்கியவர் கீதா படேல். நோயில் உடம்பு அழுகிக்கொண்டிருக்கும் ராஜா, மகளின் பக்கம் நிற்பதற்காகப் படுக்கையை விட்டு எழுந்து சபைக்கு வருகிறார். பாதி முகத்தில் தங்க மூடி, கையில் ஊன்றுகோல். அரியணைப் படியில் கிரீடம் நழுவி விழுகிறது. அந்த அரியணைக்கு ஒரு காலத்தில் ஆசைப்பட்ட டேமனே அதை எடுத்து அண்ணன் தலையில் வைக்கிறான். பெரிய வசனம் எதுவும் இல்லை. ராஜாவாக நடிக்கும் பேடி கான்சிடைன் அந்தச் சில அடிகளை நடக்கும் நடைக்கே முழு சீசனையும் பார்க்கலாம்.

அன்றிரவு விருந்து. ராஜா முக மூடியைக் கழற்றிவிட்டு, சண்டையை விடுங்கள் என்று கெஞ்சுகிறார். ரெய்னிராவும் அலிசென்டும் ஒருவரையொருவர் வாழ்த்திக் கோப்பை உயர்த்துகிறார்கள். நமக்கே நம்பிக்கை வந்துவிடுகிறது! வலி தாங்காமல் ராஜாவைத் தூக்கிச் செல்கிறார்கள். வறுத்த பன்றி மேசைக்கு வருகிறது. சின்ன வயதில் பன்றியைக் காட்டித் தன்னைக் கேலி செய்த அக்காள் ரெய்னிராவின் மகன் இப்போது அதைப் பார்த்துச் சிரிப்பதை அலிசென்டின் மகன் ஏமண்ட் கவனிக்கிறான். எழுந்து, வாழ்த்துவதுபோல அக்காள் மகன்களின் பிறப்பைக் குத்திக்காட்டுகிறான். கைகலப்பு. டிராகன் எதுவும் தேவைப்படவில்லை, பாருங்கள்.

ஒரு குறையும் உண்டு. சாகும் தறுவாயில் ராஜா முன்னோன் ஏகானைப் பற்றி முணுமுணுக்க, தன் மகன் ஏகானைத்தான் அரசனாக்கச் சொல்கிறார் என்று அலிசென்ட் நினைத்துக்கொள்கிறாள். மூலநூலில் இது கிடையாது. இவர்கள் மோதிக்கொள்ள இத்தனை ஆண்டுப் பொறாமையும் பயமும் போதாதா? எதற்கு இந்தக் காதுக்குழப்பம்?

2024-ல் வந்த இரண்டாவது சீசன் எட்டே எபிசோடு. படைகள் கிளம்பும் இடத்தில் நிறுத்திவிட்டார்கள்; எரிச்சலாகத்தான் இருந்தது. ஆனாலும் மாறுவேடத்தில் கோவிலுக்குள் நுழையும் ரெய்னிரா, அலிசென்டின் பக்கத்தில் மண்டியிட்டுப் பேசும் அந்தக் காட்சிக்காகவே அதையும் பார்த்துவிடுங்கள்.