மண்டகப்பட்டுக் கல்மனை



வீட்டைக் குறிக்கும் 'இல்' என்னும் சொல்லே 'கோயில்' என்பதன் ஈற்றிலும் நிற்கிறது. அரசன் வாழுமிடமும் இறைவன் உறையுமிடமும் தமிழர்க்கு மனைகளே. அத்தகைய பழங்கல்மனை ஒன்று, விழுப்புரத்திலிருந்து செஞ்சி செல்லும் வழியில் மண்டகப்பட்டில் உள்ளது. கி.பி. 7ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பல்லவ மன்னன் முதலாம் மகேந்திரவர்மன் குடைவித்தது அது.

அங்குள்ள வடமொழிக் கல்வெட்டு அளவிற் சிறியது, செய்தியிற் பெரியது. செங்கல், மரம், உலோகம், சுதை ஆகிய நான்கும் இன்றிப் பிரமன், ஈசன், திருமால் என்னும் மூவர்க்கும் விசித்திரசித்தன் இதனை அமைத்தான் என்கிறது. விசித்திரசித்தன் என்பது மகேந்திரனின் பட்டப்பெயர். இதனைச் சுட்டக் கல்வெட்டு ஆளும் சொல் 'ஆயதனம்'. உறைவிடம் என்பது அதன் பொருள்.

இல்லாத பொருள்களை மன்னன் எண்ணிக் காட்டுவானேன்? அந்நாளைய கோயில்கள் அவற்றால் எழுந்தவை என்பதை அந்த 'இன்றி'யே உணர்த்துகிறது. மரம் உளுத்தது, செங்கல் சரிந்தது, அக்கோயில்கள் மறைந்தன. கல்லோ, தமிழகத்தில் நீத்தார் நினைவாக நடப்பட்டு வந்த பொருள். அதில் இறைவனுக்கு இடம் காண மக்கள் தயங்கியிருக்கலாம் என ஆய்வாளர் கருதுவர். அவ்வாறாயின், இக்கல்வெட்டு கட்டடக்கலைச் செய்தி மட்டுமன்று. ஒரு மனமாற்றத்தின் சான்றுமாகும்.

முகப்பில் தூண்கள் மேலும் கீழும் சதுரமாகவும், இடையில் எண்பட்டையாகவும் நிற்கின்றன. இருபுறமும் வாயிற்காவலர் இருவர். உள்ளே மூவர்க்கும் குடைந்த மூன்று கருவறைகளும் வெறுமையாயுள்ளன. அழியாமை வேண்டிக் கல்லைத் தேர்ந்த மன்னனின் மனையில் காவலர் எஞ்சினர், காக்கப்பட்டவர் இலர்.

இதே வட்டாரத்துத் தளவானூர்க் குடைவரையில் வடமொழிப் பாடலோடு தமிழ்ப்பாடலும் பொறிக்கப்பட்டுள்ளது. அதனைப் பாடியவர் பெயரும் உண்டு. மன்னனுக்குப் பெயருண்டு, புலவனுக்குப் பெயருண்டு. உளி பிடித்தவர்க்கு மட்டும் பெயரில்லை. அவர்தம் பெயராக நிற்பது அந்தத் தூண்களே.

இன்று நம் மாவட்டத்துப் பாறைகள் பல, சல்லியாகவும் பலகையாகவும் வெட்டப்பட்டு வெளியேறுகின்றன. குடைவரையை மட்டும் காத்து, சுற்றியுள்ள குன்றுகளை இழப்போமாயின், அது முற்றத்தை விற்று வீட்டைக் காப்பது போன்றதே. நூல்களைக் காக்க முனையும் இலக்கிய அன்பர்கள், எழுத்தைத் தாங்கும் இக்கற்களையும் நூலெனவே கொள்ளல் வேண்டும். பள்ளி மாணவரை அழைத்துச் சென்று, அங்குள்ள எழுத்தின் பொருளை அவர்க்கு உரைப்பது அதன் முதற்பணியாகும்.