தலைமன்னாரில் விட்டுவந்த வெட்கம்

(தோட்டப் பெற்றோர் கூட்டத்தில் நலன்புரி உத்தியோகத்தர் பேசியது)



நானும் லயத்துப் பிள்ளைதான். டவுன் ஸ்கூலில் படித்தபோது "அப்பாவுக்குக் கடை இருக்கு" என்று பொய் சொன்னேன். தோட்டக்காட்டான் என்று சிரிப்பாங்களோ என்ற பயம். பேச்சையும் மாத்திக்கிட்டேன்.

ஒருநாள் அம்மா ஸ்கூல் வாசலுக்கு வந்தாங்க. கையெல்லாம் கொழுந்துக் கறை. "யாருடா?" என்றான் கூட்டாளி. "தெரியாது" என்றேன். அம்மா காதில் விழுந்தது. வீட்டில் ஒரு வார்த்தை கேக்கல.

2023 ஜூலை கடைசியில் தலைமன்னாரிலிருந்து மாத்தளைக்கு 'மலையகம் 200' நடைபயணம் புறப்பட்டது. நானும் போய் நின்றேன். நம்ம முன்னோர் மன்னார்க் கரையில் இறங்கி, காட்டுவழியே மலைக்கு நடந்தவங்க. காலராவிலும் பசியிலும் வழியிலேயே செத்தவங்க ஏராளம். மிஞ்சினவங்க மலையைத் தேயிலையாக்கினாங்க. அவங்க பிள்ளைகளை 1948 சட்டம் நாடற்றவராக்கியது. 2003 சட்டம் வரை மிச்சப்பேர் பிரஜாவுரிமைக்குக் காத்திருந்தாங்க. இதிலே நான் எதை மறைச்சேன்?

வீடு வந்து அம்மாவிடம் மன்னிப்புக் கேட்டேன். "ரொட்டி ஆறுது, சாப்பிடு" என்றாங்க.

பெற்றோரே, பிள்ளை வெட்கப்பட்டால் ஏசாதீங்க. பக்கத்தில் உட்கார வைத்து இந்தக் கதையைச் சொல்லுங்க. பிள்ளைகளே, படிவத்தில் பெற்றோர் தொழில் கேட்டால், "தோட்டத் தொழிலாளி" என்று தெளிவா எழுதுங்க.