ஜங்க் என்றொரு சொல்

வேண்டாத பொருட்களுக்கு ஆங்கிலத்தில் வழங்கும் 'ஜங்க்' என்ற சொல்லைப் பற்றிக் கொஞ்சம் பேசுகிறேன்.

இது கப்பலோடு வந்த சொல். பழைய கப்பல் கயிற்றுக்குத்தான் முதலில் அந்தப் பெயர். ஆனால் மாலுமிகள் அதைக் கடலில் எறிந்துவிடவில்லை. புரி பிரித்து, நாராக்கி, தார் சேர்த்துப் பலகை இடுக்குகளில் அடைத்தார்கள். தண்ணீர் உள்ளே புகாமல் காத்தது அந்தப் பழங்கயிறு. பயணத்தில் தின்ற கெட்டியான உப்பு மாட்டிறைச்சியையும் கேலியாக ஜங்க் என்றார்கள். சீனப் பாய்மரக் கப்பலைக் குறிக்கும் ஜங்க் வேறு சொல்.

பிறகு பழைய இரும்பு, கந்தல் எல்லாம் ஜங்க் ஆயின. நம் ஊர்க் காயலான் கடைச் சரக்கு மாதிரி. இருபதாம் நூற்றாண்டில் ஜங்க் மெயில், ஜங்க் ஃபுட் வந்தன. 1972இல் மரபியலாளர் சுசுமு ஓனோ, நம் டிஎன்ஏவின் பெரும்பகுதியை 'ஜங்க்' என்று எழுதினார். புரதத்துக்கான குறிப்பு இல்லாத பகுதிகளில் சில, மரபணுக்களை இயக்கவும் நிறுத்தவும் உதவுகின்றன என்று இன்று தெரியும். மீதி எவ்வளவு பயனுள்ளது என்ற வாதம் முடியவில்லை.

எனக்கு உறுத்துவது அடுத்த திருப்பம். அமெரிக்கத் தெருப்பேச்சில் ஹெராயினுக்கு ஜங்க் என்று பெயர் வந்தது. அதை எடுப்பவர் 'ஜங்கி' ஆனார். பொருளுக்கு வைத்த பெயர் மனிதர்மேல் ஒட்டிக்கொண்டது.

நான் நர்ஸ். வார்டில் ஷிப்ட் மாறும்போது இந்த ஒரு சொல் காதில் விழுந்தால் போதும், அந்த நோயாளி வலி என்று சொல்வதெல்லாம் நடிப்பாகவே தெரியும். உண்மையில், உடல் அந்த வகை மருந்துக்குப் பழகிவிட்டதால், வழக்கமான அளவு அவருக்குப் போதாமலும் போகலாம். சந்தேகத்தில் மருந்து தாமதமாகிறது. வலி தாங்காமல் சிலர் சிகிச்சை முடியும் முன்பே எழுந்து போய்விடுகிறார்கள்.

அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனம் தன் நடைக் கையேட்டில், 'அடிக்ட்' என்று ஆளைக் குறிப்பிடுவதைத் தவிர்க்கும்படி 2017இல் சொன்னது. தமிழில் நாமும் கழிசடை, உதவாக்கரை, தண்டச்சோறு என்று வீட்டுக்குள்ளேயே சொல்கிறோம், அதுவும் பெரும்பாலும் நம் பிள்ளைகளைப் பார்த்து.

ஷிப்ட் மாறும்போது நான் சொல்வது இவ்வளவுதான்: "கால் எலும்பு முறிவு, ஓபியாய்டு பயன்பாட்டுக் கோளாறு உண்டு, வலி பத்துக்கு எட்டு, அடுத்த மருந்து ஆறு மணிக்கு." அடுத்து வருபவருக்கு வேண்டியது எல்லாம் அதில் இருக்கிறது.